கிக் அலிச்சா: பருப்பைவிட வெங்காயத்துக்கு நேரம் கொடுங்கள்

கேள்வி: எத்தியோப்பியாவின் பருப்புக் குழம்பான கிக் அலிச்சாவை வீட்டில் இருமுறை செய்தேன். முதல் முறை கடையில் கொடுத்த மஞ்சள் பருப்பு கரையாமல் முத்து முத்தாக நின்றது. இரண்டாம் முறை குக்கரில் குழைய வேகவைத்து, எண்ணெயில் பொன்னிறமாக வதக்கிய வெங்காயத்தைக் கொட்டினேன். நம் வீட்டுக் கூட்டு போலவே இருந்தது. நைட்டர் கிப்பே என்னும் மசாலா நெய் சேர்க்காததுதான் குறையா?

பதில்: இல்லை. எத்தியோப்பிய ஆர்த்தடாக்ஸ் திருச்சபையினர் ஆண்டின் பெரும்பாலான புதன், வெள்ளிக் கிழமைகளிலும், ஈஸ்டருக்கு முந்தைய 55 நாள் பெருநோன்பிலும் இறைச்சி, முட்டை, பால், நெய் எதையும் தொடுவதில்லை. அந்த நோன்பு நாட்களின் உணவாகிய கிக் அலிச்சாவுக்கு எண்ணெய்தான் உரியது. அங்கே நூக் எனப்படும் பேயெள்ளு எண்ணெயும் பயன்படும். உங்களுக்குச் சூரியகாந்தி எண்ணெய் போதும்.

முதல் முறை நீங்கள் வாங்கியது கடலைப் பருப்பாக இருக்கலாம். இந்தக் குழம்புக்கு வேண்டியது மஞ்சள் பட்டாணிப் பருப்பு. கடலைப் பருப்பு சற்றுச் சிறியதாகவும் மேடுபள்ளமாகவும் இருக்கும். பட்டாணிப் பருப்போ வழுவழுப்பாக, நன்கு உருண்ட அரைக்கோளமாக இருக்கும். நான்கு பேருக்கு 200 கிராம் எடுத்து, ஒரு மணி நேரம் ஊறவைத்து, உப்புப் போடாமல் திறந்த பாத்திரத்தில் வேகவையுங்கள். விரலால் நசுக்கினால் மசிய வேண்டும், ஆனால் வடிவம் முழுவதும் கலைந்துவிடக் கூடாது. அரை மணி நேரத்திலிருந்து முக்கால் மணி நேரம் ஆகும். உப்புத் தண்ணீர் உள்ள ஊர்களில் சீக்கிரம் வேகட்டும் என்று சமையல் சோடா போடும் பழக்கம் உண்டு. இங்கே அது வேண்டாம், ஏனெனில் சோடா பட்டால் மஞ்சள் தூள் சிவந்து, இக்குழம்பின் அழகே ஆகிய மஞ்சள் நிறம் போய்விடும்.

கூட்டின் சுவை வந்ததற்குக் காரணம் வெங்காயத்தை நீங்கள் கையாண்ட முறை. நாம் எண்ணெய் காய்ந்த பிறகே வெங்காயத்தைப் போடுகிறோம். எத்தியோப்பியச் சமையலில் பெரும்பாலான குழம்புகளுக்கு முதலில் எண்ணெயே கிடையாது. மூன்று பெரிய வெங்காயத்தை மிகப் பொடியாக நறுக்கி, அடி கனமான பாத்திரத்தில் போட்டு, சிறு தீயில் அதன் நீரிலேயே வேகவிட வேண்டும். அடி பிடிப்பது போலத் தோன்றும்போதெல்லாம் ஒரு கரண்டி தண்ணீர் தெளித்துக் கிளறிக்கொண்டே இருந்தால், இருபது நிமிடங்களில் அது பச்சை வாசம் போய், கூழாகித் தித்திக்கத் தொடங்கும். பொன்னிறம் வரும் வரை விடாதீர்கள். பெர்பெரே மிளகாய்க் கலவை சேரும் காரமான கிக் வோட்டில் வெங்காயம் சற்றுச் சிவந்தாலும் குற்றமில்லை. அலிச்சா என்றாலோ காரமற்ற, வெளிர்நிறக் குழம்பு என்றே பொருள்.

பிறகு நான்கு மேசைக்கரண்டி எண்ணெய், தட்டிய ஐந்து பல் பூண்டு, ஓர் அங்குல இஞ்சி, முக்கால் தேக்கரண்டி மஞ்சள் தூள் ஆகியவற்றைச் சேர்த்து ஐந்து நிமிடம் வதக்கி, வெந்த பருப்பை அதன் நீருடனே ஊற்றி, உப்பிட்டு, பதினைந்து நிமிடம் கொதிக்கவிடுங்கள். இறக்கும்போது இரண்டு பச்சை மிளகாயைக் கீறிப் போட்டு மூடிவிட்டால், காரம் ஏறாமல் மணம் மட்டும் இறங்கும். கடுகு, சீரகம், கறிவேப்பிலை, புளி எதுவும் சேராது. கை பழகியவர்களுக்குத் தாளிக்காமல் இறக்குவது ஏதோ குறைவதுபோலத் தோன்றும் என்பது எனக்கும் தெரியும்.

நோன்பில்லாத நாளில் நெய் விரும்பினால், உருக்கிய வெண்ணெயில் சிறிது வெங்காயம், பூண்டு, இஞ்சி, வெந்தயம், ஏலக்காய் இட்டுச் சிறு தீயில் காய்ச்சி வடிகட்டிக்கொள்ளலாம். அங்கே சேரும் கொரரிமா என்னும் ஏலவகையின் மணம் நம் ஏலக்காயிலிருந்து வேறுபட்டது என்பதால், ஒரே ஒரு காய் போதும். கூடினால் பாயச வாசம் வந்துவிடும்.

இதற்கு உரிய துணை, டெஃப் என்னும் சிறுதானிய மாவைச் சில நாட்கள் புளிக்கவைத்து ஒரு பக்கம் மட்டும் சுடும் இஞ்செரா. அது இல்லாவிட்டால் நன்கு புளித்த மாவில் எண்ணெய் விடாமல் ஊற்றிய, திருப்பிப் போடாத தோசை பொருந்தும். குழம்பு ஆறியதும் இறுகும். மறுநாள் சூடாக்கும்போது வெந்நீர் விட்டுத் தளர்த்திக்கொள்ளுங்கள்.