மாமிக்குச் சொன்ன கஞ்சிக் கதை

கேள்வி: தேனிப் பக்கத்திலிருந்து தென்னாப்பிரிக்காவின் டர்பனுக்கு மருமகளாக வந்து ஆறு ஆண்டுகள் ஆகின்றன. இங்கே சாட்ஸ்வொர்த் பகுதியில் இருக்கிறோம். பிப்ரவரியில் மாமா இறந்துபோனார். அதன் பிறகு மாமி தேநீரையும் ரஸ்க்கையும் தவிர எதையும் தொடவில்லை. ஓர் இரவு மீலி என்கிற மக்காச்சோள மாவைக் காய்ச்சி, கொதிக்கும்போதே மாஸ் என்கிற புளித்த பாலை ஊற்றி, வெங்காயமும் வறுத்த சீரகமும் போட்டுக் கொடுத்தேன். "இது எங்கள் ஊர் உயிர்க்கஞ்சி. துக்க வீட்டில் ஏழு இரவு குடித்தால் கலங்கிய உயிர் அடங்கும்" என்று வாயில் வந்ததைச் சொன்னேன். அப்படி ஒரு கஞ்சியே எங்கள் ஊரில் கிடையாது. அவர் தயங்கியதால் நானும் ஒரு கிண்ணம் எடுத்துக்கொண்டு எதிரில் உட்கார்ந்தேன். குடித்தார். ஏழாம் நாள் உப்புக் குறைகிறது என்று கோபித்துக்கொண்டார்! இப்போது கோயில் பெண்கள் செய்முறை கேட்கிறார்கள். ஆடிக் கூழ்ப் பூசைக்கு அச்சடிக்கும் தாளில் போட வேண்டுமாம். மகனைப் பறிகொடுத்த ஓர் ஆன்ட்டி, ஏழு நாள் குடித்துவிட்டு மாத்திரையை நிறுத்தப்போவதாகச் சொல்கிறார். எனக்குத் தூக்கம் வரவில்லை. உண்மையைச் சொன்னால் மாமி உடைந்துபோவாரா?

பதில்: முதலில் அந்த ஆன்ட்டிக்குப் போன் செய்யுங்கள். மீதியைப் பிறகு படிக்கலாம்.

என்ன மாத்திரை என்று நீங்கள் எழுதவில்லை. மனச்சோர்வுக்கானது என்றால், சட்டென்று நிறுத்தும்போது தலைசுற்றல், தூக்கமின்மை, படபடப்பு என்று உடம்பு கணக்குக் கேட்கும். அடங்கியிருந்த சோர்வும் திரும்பலாம். சர்க்கரைக்கோ பிரஷருக்கோ என்றால் ஆபத்து வேறு வகை. போதாக்குறைக்கு மீலிக் கஞ்சி சர்க்கரையை ஏற்றவும் செய்யும். அவரிடம் சுற்றி வளைக்காதீர்கள். "ஆன்ட்டி, அந்தக் கஞ்சி நானாகக் காய்ச்சியது, கதையும் நானாகக் கட்டியது. டாக்டரைக் கேட்காமல் மாத்திரையை விடாதீர்கள்." இவ்வளவு போதும். கோபிப்பார், கோபிக்கட்டும். ஆனால் பிள்ளையை இழந்தவர் பேச ஓர் ஆளைத் தேடித்தான் உங்கள் வாசல் வரை வந்திருக்கிறார். கஞ்சியையும் பிடுங்கிக்கொண்டு வெறுங்கையோடு அனுப்பாதீர்கள். கிளினிக்குக்கு அவரோடு ஒரு நடை போய் வாருங்கள். சாடாக் எனப்படும் தென்னாப்பிரிக்க மனச்சோர்வு, பதற்ற நோய் உதவிக் குழு தொலைபேசியில் கட்டணமில்லாமல் பேசுகிறது. அந்த எண்ணையும் எடுத்துக் கொடுங்கள்.

இனி உங்கள் பொய்க்கு வருவோம்.

1860 நவம்பர் 16 அன்று ட்ரூரோ என்ற கப்பல் சென்னையிலிருந்து 342 பேரை ஏற்றிக்கொண்டு டர்பனுக்கு வந்து சேர்ந்தது. அதற்குப் பின் 1911 வரை ஒப்பந்தக் கூலிகளாக வந்துகொண்டே இருந்தோம். ஊரில் ஆடி மாதம் கேழ்வரகிலும் கம்பிலும் கூழ் காய்ச்சிய கைகளுக்கு இங்கே அகப்பட்டது மக்காச்சோள மாவு. மாரியம்மனுக்கு அதையே ஊற்றினோம். ஜூலு மக்களின் அமாசி, அதாவது நம் மாஸ், மோரின் இடத்தில் வந்து உட்கார்ந்துகொண்டது. இதைவிட வேடிக்கை ஒன்று உண்டு. அங்கே ஆடிக் கூழ், கோடையில் வெந்த உடம்புக்கும் அம்மை போட்ட ஊருக்கும் குளிர்ச்சி. இங்கே ஆடி வருவதோ ஜூலை, ஆகஸ்ட் மாதக் குளிரில். மஞ்சள் சேலைக்கு மேல் ஸ்வெட்டரை மாட்டிக்கொண்டு, வரிசையில் நின்று குளிர்ந்த கூழை வாங்கிக் குடிக்கிறோம். என் ஆயா, அதாவது பாட்டி, முதல் நாள் இரவே மாவைக் கரைத்து வைத்து, குளிரில் புளிக்காமல் போய்விடுமே என்று பானையைக் கம்பளியால் சுற்றி அடுப்புக்குப் பக்கத்தில் படுக்கவைத்ததுபோல் வைப்பார். தேனியில் எந்தப் பானைக்கும் கம்பளி தேவைப்பட்டிருக்காது.

ஆக, கையில் கிடைத்ததைக் காய்ச்சியது குற்றமாகாது. அதற்காக உங்களுக்கு மன்னிப்புச் சீட்டு எழுதித் தரவும் மாட்டேன். ஆயா மாவை மாற்றினார்; யாராவது கேட்டால் "கேழ்வரகுக்கு எங்கே போவேன், மீலி போட்டேன்" என்று சொல்லிவிடுவார். நீங்கள் மருந்து போல ஒரு நாள் கணக்கைச் சேர்த்தீர்கள். அந்தக் கணக்கை நம்பித்தான் ஒருவர் மாத்திரை டப்பாவை மூடப் பார்க்கிறார். இன்னொன்றும் உங்களுக்குத் தெரிய வேண்டும். இங்கே எத்தனையோ குடும்பங்களில் தேவாரம் பாட வரும், தமிழில் கடிதம் எழுத வராது. ஊரிலிருந்து வந்த பெண் என்றால் அவளைப் பாதிப் பூசாரியாகவே பார்ப்போம். நீங்கள் உப்புத் தண்ணீரைக் கொடுத்திருந்தாலும் தீர்த்தம் என்று தலையில் தெளித்துக்கொண்டிருப்போம். அந்த மரியாதையை நீங்கள் கேட்டு வாங்கவில்லை என்றாலும் அது உங்கள் கையில் இருக்கிறது.

மாமி உடைந்துபோவாரா? எனக்கென்னவோ அவருக்கு முதல் நாளே தெரிந்திருக்கும் என்று தோன்றுகிறது. காலமெல்லாம் ஆடிக் கூழ் கிண்டியவருக்கு மீலியும் மாஸும் எந்தக் கிண்ணத்தில் வந்தாலும் அடையாளம் தெரியாதா? தேனியில் மாஸ் ஏது என்று கேட்கத் தெரியாதா? கேட்காமல் குடித்திருக்கிறார். மாமா போன பிறகு அந்த மேசையில் இரவு இரண்டு கிண்ணம் வைத்தது அன்றுதான் முதல் தடவையோ என்னவோ.

இருந்தாலும் சொல்லிவிடுங்கள். கோயில் பெண்கள் வாயால் அவர் காதுக்குப் போகக் கூடாது. இருவரும் காய் நறுக்கிக்கொண்டிருக்கும் நேரம் நல்லது. கண்ணுக்குக் கண் பார்க்க வேண்டியதில்லை. "நீங்கள் பட்டினி கிடப்பதைப் பார்க்கப் பொறுக்காமல் ஒரு கதை கட்டினேன், மாமி" என்று சொல்லிவிட்டு நறுக்குவதைத் தொடருங்கள். நியாயம் பேசி நீட்டாதீர்கள். அவர் சிரிக்கலாம், ஒரு வாரம் முகம் கொடுக்காமலும் இருக்கலாம். அந்த ஒரு வாரமும் இரவுக் கஞ்சி நிற்கக் கூடாது. இதற்கிடையில் அவர் மறுபடி சாப்பாட்டை ஒதுக்கினாலோ, மாமா போன இடத்துக்கே போய்விட வேண்டும் என்று பேசினாலோ, கஞ்சியை நம்பி உட்கார்ந்திருக்காமல் அன்றே டாக்டரிடம் கூட்டிப்போங்கள்.

கோயில் தாளில் செய்முறை தாராளமாக வரட்டும். உயிர்க்கஞ்சி என்ற பெயரும் ஏழு இரவும் வேண்டாம். மீலிக் கஞ்சி என்று போட்டு, கீழே உங்கள் இருவர் பெயரையும் போடச் சொல்லுங்கள். உப்புப் பார்த்தவர் அவர்தானே.

அச்சுக்குப் போகும் முன் ஒரு திருத்தம். கொதிக்கிற கஞ்சியில் மாஸ் ஊற்றினால் திரிந்துபோகும். இறக்கிவைத்து, விரல் பொறுக்கும் சூட்டுக்கு வந்த பிறகு ஊற்றிக் கலக்குங்கள். உப்பு அதற்கும் பிறகுதான், மாமி கேட்ட அளவுக்கு.