நகைச்சுவைப் படத்தில் கலை இயக்குநருக்கு அப்படி என்ன பெரிய வேலை?

நடிகர் சிரிக்க வைப்பார், செட் பின்னால் சும்மா நிற்கும் என்றுதான் பலரும் நினைக்கிறோம். பிரான்ஸில் ழாக் தாத்தி எடுத்த படங்களைப் பார்த்தால் அந்த எண்ணம் போய்விடும், ஏனென்றால் அங்கே வசனம் கொஞ்சம்தான், சிரிப்பில் பாதி சுவரிலும் கதவிலும்தான் இருக்கிறது.

1958இல் வந்த 'மோன் ஓங்க்ள்' படத்தில் வரும் ஆர்ப்பெல் குடும்பத்தின் வீட்டை எடுத்துக்கொள்ளுங்கள். தாத்தியோடு சேர்ந்து அதை வடிவமைத்தவர் ழாக் லக்ராஞ்ச், தொழிலால் ஓவியர். கட்டடக்கலை இதழ்களிலிருந்து படங்களை வெட்டி ஒட்டித்தான் அந்த வீட்டின் வடிவத்தை உருவாக்கினாராம். இரவில் இரண்டு வட்ட ஜன்னல்களில் கணவனும் மனைவியும் தலையைக் காட்டும்போது வீடே கண்ணை உருட்டிப் பார்ப்பது போல இருக்கும். தோட்டத்து மீன் நீரூற்று விருந்தாளி வந்தால் மட்டும் ஓடும், வந்தது வீட்டு ஆள் என்று தெரிந்தால் நின்றுவிடும். ஒரு பைப்பை வைத்தே மொத்தக் குடும்பத்தின் பவுசையும் காட்டிவிட்டார்கள்! ஆனால் டைட்டிலில் கலை இயக்குநர் என்று வருவது ஆன்ரி ஷ்மித்தின் பெயர். வரைகிறவர் ஒருவர், அதைக் கட்டி நிறுத்துகிறவர் இன்னொருவர், இந்தத் தொழிலில் இது சகஜம்.

அப்புறம் 1967இன் 'ப்ளேடைம்'. பாரிஸ் ஓரத்தில் ஒரு நகரத்தையே எழுப்பினார்கள், வடிவமைப்பு யூஜேன் ரோமான். சில கட்டடங்களைச் சக்கரத்தில் நகர்த்தலாம், தூரத்தில் நிற்கும் சில மனிதர்கள் வெறும் அட்டைப் படங்கள். கடைசியில் படம் ஓடவில்லை, தாத்தி கடனில் மூழ்கினார், செட்டையும் இடித்துவிட்டார்கள்.