சிங்கப்பூர் வர்றீங்களா? பில்டரை ஊர்லயே வச்சுட்டு வாங்க

அடுத்த மாசம் வேலைக்கு சிங்கப்பூர் வரப்போற ஒரு தம்பி நாலஞ்சு கேள்வி கேட்டிருக்கார். ரூம் வாடகை எவ்வளவு, எந்த ஏரியா நல்லது, சம்பளத்துல எவ்வளவு மிச்சம் பிடிக்கலாம். கடைசியில, "அங்க நல்ல காபி, டீ கிடைக்குமாண்ணே? பில்டரும் அரைக் கிலோ தூளும் எடுத்துட்டு வரட்டுமா?"ன்னு ஒரு வரி.

வாடகை கதை மாசத்துக்கு மாசம் மாறும் தம்பி. உங்க கம்பெனியில ஏற்கெனவே இருக்கிற ஆளைக் கேளுங்க, அவர்தான் சரியாச் சொல்வார். எனக்குப் பதில் சொல்லணும்னு தோணுறது அந்தக் கடைசி வரிக்குத்தான்.

பில்டரைக் கொண்டு வராதீங்க. தூள் கிடைக்காதுங்கிறதால சொல்லலை. தேக்கா பக்கம் போனா (லிட்டில் இந்தியாவை நம்ம ஆளுங்க இங்க அப்படித்தான் சொல்வோம்) சிக்கரி கலந்த தூள், கலக்காத தூள், பில்டர், டபரா செட் எல்லாமே வாங்கலாம். சிக்கல் அடுப்புலதான். ரூம் வாடகைக்கு விடுறவங்கள்ல பாதிப் பேர் "நோ குக்கிங்" ஆளுங்க. கொஞ்சம் இரக்கப்பட்டா "லைட் குக்கிங்". பால் காய்ச்சுறது லைட்டா ஹெவியாங்கிறது வீட்டுக்காரம்மாவோட அன்னிக்கு இருக்கிற மூடைப் பொறுத்தது. நான் வந்த புதுசுல ஜூரோங்ல ஒரு வீவக வீட்டுல (அரசாங்கம் கட்டின அடுக்குமாடி வீடு), ஒரே ரூம்ல கட்டிலுக்குக் கட்டில் ஒட்டித் தங்கியிருந்தோம். ராத்திரி ஒன்பது மணிக்கு மேல சமையல்கட்டு லைட்டைப் போடக் கூடாது. பிரிட்ஜ்ல எங்களுக்குன்னு ஒரு தட்டு. அதுல வைக்கிற பால் தானா குறையும், கேட்டா யாருக்கும் தெரியாது. அட்வான்ஸ் குடுக்கிறதுக்கு முன்னாடி "பால் காய்ச்சலாமா?"ன்னு வாய்விட்டுக் கேளுங்க. வைஃபை இருக்கான்னு கேட்கிற பசங்க இதைக் கேட்க மாட்டேங்கிறாங்க.

அந்த வீட்டுக்குக் கீழ ஒரு கோப்பிக்கடை இருந்தது. விடியக்காலம் ஷிப்ட் முடிஞ்சு வந்தா அங்கதான் உட்காருவோம். முதல் வாய் குடிச்சதும் எங்க ரூம் ஆளுங்க எல்லாரும் சொன்னது ஒண்ணுதான்: "கரித்தண்ணி." இப்பவும் புதுசா வர்றவங்க அதையேதான் சொல்றாங்க. கோப்பிக்குப் போடுற கொட்டை பெரும்பாலும் ரோபஸ்டா ரகம். அதைச் சீனியும் மார்கரினும் போட்டு, கறுகறுன்னு மினுங்கிற வரைக்கும் வறுப்பாங்க. அந்தக் கருகின வாசனையும் அடிநாக்குல நிக்கிற கசப்பும் அதனாலதான். நீள மூக்கு வச்ச பாத்திரத்துல துணிப்பையைத் தொங்கவிட்டு வடிப்பாங்க. கோப்பையில கெட்டிப்பாலை (கண்டென்ஸ்டு மில்க்) முதல்ல ஊத்தி, மேல டிகாஷன், அதுக்கு மேல வெந்நீர். சிக்கரி காபி குடிச்சு வளர்ந்த நாக்குக்கு இது ஒண்ணும் அந்நியம் இல்லை. கும்பகோணம் டிகிரி காபியை மனசுல வச்சுக்கிட்டு குடிச்சாத்தான் பிடிக்காது. இது வேற சாமான்னு நினைச்சுக் குடிங்க, ஒரு வாரத்துல பழகிடும்.

நல்ல பால் ஏன் ஊத்தலைன்னு கேட்பீங்க. இந்த வெக்கையில, பிரிட்ஜ் இல்லாத காலத்துல, கறந்த பால் எத்தனை மணி நேரம் தாங்கும்? டின் பால் தாங்கும். ஹைனான் தீவுல இருந்து வந்தவங்க இங்க வந்து சேர்ந்தப்ப நல்ல தொழில் எல்லாம் முன்னாடி வந்த சீனர்கள் கையில போயிருந்தது. அதனால வெள்ளைக்காரன் வீட்டுலயும் ஓட்டல்லயும் கப்பல்லயும் சமையல்காரங்களா நின்னாங்க. அங்க கத்துக்கிட்ட காபியையும் ரொட்டியையும் வச்சுப் பின்னாடி சொந்தக் கடை போட்டாங்க. கில்லினி ரோட்டுக் கடை 1919ல ஆரம்பிச்சது, யாகுன் 1944. அந்த வழி கடைகள்லதான் இன்னிக்கும் காயா ரொட்டி (தேங்காய்ப்பாலும் முட்டையும் சீனியும் சேர்த்த ஜாம் தடவினது), அரைவேக்காட்டு முட்டை, கோப்பி மூணும் சேர்ந்து வருது. பழைய ஆளுங்க கோப்பியைச் சாசர்ல ஊத்தி ஆத்திக் குடிக்கிறதைப் பாருங்க. நம்ம தாத்தா டபராவுல ஆத்தினது ஞாபகம் வரும்.

இப்ப விஷயத்துக்கு வர்றேன். வெறுமனே "கோப்பி"ன்னு கேட்டா கெட்டிப்பால் ஊத்தினது வரும். "கோப்பி ஓ"ன்னா பால் இல்லாம சீனி மட்டும். "கோப்பி சி"ன்னா இனிப்பில்லாத டின் பாலும் சீனியும். கடைசியில "கோசோங்" சேர்த்தா சீனி கிடையாது. "சியூ தாய்"னா இனிப்புக் கம்மி, "கா தாய்"னா கூட. "காவ்" ஸ்ட்ராங், "போ" லைட், "பெங்" ஐஸ் போட்டது. கோப்பிக்குப் பதிலா "தே" வச்சா அவ்வளவும் டீக்குப் பொருந்தும்: தே ஓ, தே சி, தே சி கோசோங். இதைத் திக்காம சொல்லிப் பாருங்க, ஆண்ட்டி முகத்துல ஒரு சிரிப்பு வரும். நான் போற கடை ஆண்ட்டி தூரத்துல என்னைப் பார்த்ததுமே "தம்பி, தே சி கோசோங் ஆ?"ன்னு கத்துவாங்க. எனக்குத் தலை நரைச்சாச்சு, அவங்களுக்கு நான் இன்னும் தம்பிதான். இத்தனை வருஷம் இங்க இருந்துட்டு, "ஒன் காஃபி, நோ சுகர், லிட்டில் மில்க்"னு கையை ஆட்டி ஆட்டிச் சொல்லிட்டு, தப்பா வந்தா அந்தம்மா மேல எரிஞ்சு விழற நம்ம ஆளுங்களைப் பார்த்தா எனக்குப் பத்திக்கிட்டு வரும்.

எச்சரிக்கைன்னு ஒண்ணே ஒண்ணு சொல்லணும்னா, அது சர்க்கரை. கெட்டிப்பால்ல பாதிக்கு மேல சர்க்கரைதான். சீனி வேணாம்னு சொல்லிட்டு கெட்டிப்பால் கோப்பி குடிக்கிறவர் தன்னைத்தானே ஏமாத்திக்கிறார். எங்க ரூம்ல ஒருத்தர் ஓவர்டைம் பார்க்கிறதுக்காக கோப்பி காவ் கா தாய், கோப்பி காவ் கா தாய்னு நாள் பூரா ஊத்திக்கிட்டே இருப்பார். ரோபஸ்டாவுல காபீன், அரபிகாவைப் போல கிட்டத்தட்ட ரெண்டு மடங்கு. தூக்கம் போச்சு, தூக்கம் போனதுக்கு இன்னொரு கோப்பி. ஊருக்கு லீவுல போனப்ப ரத்தம் பார்த்தாங்க, மாத்திரையோட திரும்பி வந்தார். முப்பத்தஞ்சு வயசுகூட இல்லை. இந்த நாட்டு அரசாங்கமே 2016ல நீரிழிவு மேல போர்னு அறிவிச்சது. 2023 கடைசியில இருந்து, கடையில கலந்து குடுக்கிற பானங்களுக்கும் ஏ, பி, சி, டின்னு கிரேடு வந்தாச்சு. சின்னக் கடைகளுக்கு விலக்கு இருக்கு, அதனால உங்க புளோக்குக்குக் கீழ இருக்கிற கடையில போர்டைத் தேடாதீங்க. வந்த முதல் நாள்லயே "கோப்பி சி கோசோங்"னு ஆரம்பிச்சுடுங்க. இனிப்பு பழகினதுக்கு அப்புறம் குறைக்கிறது பெரும்பாடு.

டீ குடிக்கிற ஆளா இருந்தா உங்க பாடு இன்னும் சுகம். தே தாரிக்கை (இழுத்து ஆத்துற பால் டீ) இங்க நிலைநிறுத்தினது நம்ம பக்கத்து முஸ்லிம்கள்தான். கடையநல்லூர், தென்காசிப் பக்கத்துல இருந்து வந்தவங்க குடும்பங்கள் இங்க நிறைய. டீயைக் கையுயரத்துக்கு இழுத்து ஆத்துறது வேடிக்கை காட்டுறதுக்குன்னு டூரிஸ்ட் நினைச்சுப்பான். சூடு தணியும், கெட்டிப்பால் நல்லாக் கலக்கும், நுரை மேல நிக்கும், அதுக்குத்தான். கம்போங் கிளாம்ல பாக்தாத் ஸ்ட்ரீட் பக்கம் சரபத் கடையில (டீக்கடையை அப்படியும் சொல்வாங்க) ஒரு தே ஹாலியா, அதாவது இஞ்சி டீ, குடிச்சுப் பாருங்க. இஞ்சி தொண்டையில இறங்கும்போது மழைக்காலமும் ஜலதோஷமும் ஒண்ணும் செய்யாது. பெரிய செலவும் இல்லை. நம்ம பையன் ஒருத்தன், வந்து ஆறு மாசம்கூட ஆகலை, ஏழு வெள்ளி (சிங்கப்பூர் டாலரை இங்க வெள்ளின்னுதான் சொல்வோம்) லாட்டே குடிச்சு போட்டோ போடுறான். அவன் காசு, அவன் இஷ்டம். ஆனா மாசக்கடைசியில என்கிட்ட ஐம்பது வெள்ளி கைமாத்துக் கேட்கக் கூடாதில்லையா?

இன்னொரு ரகம் இருக்கு. ஞாயித்துக்கிழமை தவறாம தேக்காவுல கூடி, "ஊர் காபி மாதிரி வருமா"ன்னு புலம்புறவங்க. சிராங்கூன் ரோட்டுல கோமள விலாஸ் 1947ல இருந்து இருக்கு, போய்க் குடிச்சுட்டுப் பேசாம வரலாமே. எச்சரிக்கையா இருக்க வேண்டியது வேற சில கடைகள்கிட்ட. போர்டுல பில்டர் காபின்னு இருக்கும், டபரா டம்ளர்ல நுரை பொங்க வரும், உள்ள இருக்கிறது இன்ஸ்டன்ட் தூள். காசு மட்டும் பில்டருக்கு உள்ளது. அதைவிட உண்மையான கோப்பி எவ்வளவோ மேல்.

சில்லறை விஷயங்கள். கோப்பியைத் "தபாவ்"னு (பார்சல்) கேட்டா பிளாஸ்டிக் பையில ஊத்தி, தொங்கவிடக் கயிறு கட்டிக் குடுப்பாங்க. அதோட எம்ஆர்டி ரயில்ல ஏறி ஒரு வாய் உறிஞ்சினீங்கன்னா 500 வெள்ளி வரைக்கும் அபராதம். மேஜையில டிஷ்யூ பாக்கெட் கிடந்தா அது யாரோ பிடிச்ச இடம், எடுத்துப் போட்டுட்டு உட்காராதீங்க. குடிச்ச கோப்பையையும் தட்டையும் நீங்களே கொண்டுபோய் ரேக்குல வைக்கணும். உணவங்காடி நிலையங்கள்ல 2021 செப்டம்பர்ல இருந்தும், கோப்பிக்கடைகள்ல 2022 ஜனவரியில இருந்தும் அது சட்டம். தட்டை யாரோ எடுப்பாங்கன்னு விட்டுட்டுப் போற பழக்கத்தை விமானத்துல ஏறும்போதே விட்டுடுங்க.

பில்டர் போற இடத்துக்குப் பெட்டியில பருப்புப்பொடி வைங்க, ஒரு பாட்டில் நெய் வைங்க. அடுப்பு இல்லாத ரூம்ல கடையில வாங்கின சோத்துல போட்டுப் பிசைஞ்சா ஒரு வேளை ஓடிடும். மெல்லுற புகையிலையும் சூயிங்கமும் பெட்டியில இருக்கக் கூடாது, இங்க ரெண்டுக்கும் தடை. சிகரெட்டுன்னா ஒரு பாக்கெட்டுக்குக்கூட தீர்வை கட்டித்தான் கொண்டு வரணும்.