சாப்ளினின் 'பை த சீ' மௌனப் படம் 11 நிமிடம்தானா? என் பிரதி வெட்டுப்பட்டதா?

வெட்டுப்படவில்லை, வேகமாக ஓடுகிறது. 1915-இல் வந்த இந்தக் கடற்கரைக் கூத்து ஒரே ரீல், ஏறக்குறைய 1,000 அடி. நொடிக்கு 16 பிரேம் (பிலிமிலுள்ள தனித்தனிப் படங்கள்) ஓட்டினால் 16 நிமிடம் வரும். 24 ஓட்டினால் உங்கள் 11 நிமிடம்தான்.

பிளேயரில் வேகத்தை 0.75 ஆக்கிப் பாருங்கள். ஆரம்பத்தில் சாப்ளின் வாழைப்பழம் தின்றுவிட்டு, தான் போட்ட தோலிலேயே வழுக்குவார். பழம் தின்னும் கை இயல்பாக அசைந்தால் சரி. அப்புறம், காற்றில் பறக்காமலிருக்கத் தொப்பிகளில் கட்டிய கயிறுகள் சிக்கிக்கொள்ளும் இடம். படத்தின் உருப்படியான தமாஷே அதுதான். விறுவிறுவென்று ஓடினால் எந்தக் கயிறு யாருடையது என்றே தெரியாது.

அதற்கும் கீழே இறக்காதீர்கள். அடிதடியைப் பரபரப்பாக்க அந்தக் காலத்தில் கேமராக் கைப்பிடியை வேண்டுமென்றே மெதுவாகச் சுற்றுவதுண்டு; திரையில் அது வேகமாகத் தெரியும். கொஞ்சம் வேகம் இருக்கத்தான் செய்யும்.