வாசகர் கேள்விகள்: ஸ்கேல் வைத்துக் கோடு போட்டவர்கள் யார்?

(நைஜீரியாவில் ஆசிரியராக இருந்து ஓய்வுபெற்ற நம் பத்தியாளர், மேற்கு ஆப்பிரிக்கா பற்றி வந்த கேள்விகளுக்கு இந்த வாரம் பதில் சொல்கிறார்.)

ஆப்பிரிக்காவை 1884இல் பெர்லினில் உட்கார்ந்து ஸ்கேல் வைத்துப் பங்கு போட்டார்கள் என்கிறார்களே, உண்மையா?
- கல்லூரி மாணவர், திருவாரூர்

பாதி உண்மை. மாநாடு நடந்தது, 1884 நவம்பரில் தொடங்கி 1885 பிப்ரவரி வரை, ஜெர்மன் பிரதமர் பிஸ்மார்க் தலைமையில். 14 நாடுகள் வந்தன, ஆப்பிரிக்கர் ஒருவருக்குக்கூட அழைப்பில்லை. ஆனால் அங்கே பேசியது பெரும்பாலும் விதிமுறைகளைத்தான். காங்கோ, நைஜர் ஆறுகளில் யார் கப்பல் விடலாம், கடற்கரையில் புதிதாக இடம் பிடித்தால் மற்றவர்களுக்கு எப்படித் தெரிவிப்பது, இந்த மாதிரி.

கோடுகள் பிறகு வந்தவை, இரண்டிரண்டு பேராகப் பேசி முடித்தவை. 1890இல் பிரிட்டனும் பிரான்சும் நைஜர் ஆற்றங்கரையில் உள்ள சாய் என்ற ஊரிலிருந்து சாட் ஏரி வரை ஒரு கோடு போட்டன. வடக்கே பிரான்சுக்கு, தெற்கே பிரிட்டனுக்கு. பிரான்சுக்குப் போனது ரொம்ப 'லேசான' மண்தான், அதாவது வெறும் மணல்தான் என்று பிரிட்டிஷ் பிரதமர் சாலிஸ்பரி பிரபுக்கள் சபையில் கிண்டலடித்தார். பிரெஞ்சுக்காரர்களுக்குக் கோபம். அந்த மண்ணில் குடியிருந்தவர்களை இருவருமே கேட்கவில்லை. அந்தக் கோடு பின்னால் தெற்கே வடக்கே நகர்ந்து, இன்று நைஜீரியா - நைஜர் எல்லையாக இருக்கிறது.

நீங்கள் அந்த எல்லைப் பக்கம்தானே வேலை பார்த்தீர்கள்? பிரிட்டிஷ் ஆட்சிக்கும் பிரெஞ்சு ஆட்சிக்கும் வித்தியாசம் தெரிந்ததா?
- வாசகி, மதுரை

கண்ணுக்கு முன்னால் தெரிந்தது. வட நைஜீரியாவில் கட்சினா நகருக்குப் பக்கத்தில் ஒரு பள்ளியில் பூகோளம் நடத்தினேன். 1970களின் கடைசி, எண்ணெய்ப் பணம் புழங்கிய காலம். 1976இல் எல்லாப் பிள்ளைகளுக்கும் இலவச ஆரம்பக் கல்வி என்று அரசு அறிவித்துவிட்டது. ஆசிரியருக்கு எங்கே போவது? நம் பக்கத்திலிருந்து நிறையப் பேர் கிளம்பினோம்.

வடமேற்கே கொஞ்ச தூரம் போனால் ஜிபியா சந்தை. அதைத் தாண்டினால் நைஜர் நாடு, மராடி ஊர். இரண்டு பக்கமும் ஹவுசா மொழி, ஒரே மாதிரி அங்கி, ஒரே கம்பங்களி. என் மாணவர்களில் பாதிப் பேருக்கு அத்தை, மாமன் எல்லாம் அந்தப் பக்கம். இங்கே நைரா, அங்கே சேஃபா பிராங்க். இங்கே பையன் முதல் வகுப்புகளை ஹவுசாவிலேயே படித்துவிட்டு ஆங்கிலத்துக்கு வருவான். அங்கே அவன் அத்தை மகனுக்கு முதல் நாளிலிருந்தே பிரெஞ்சு. இரண்டு பேரும் வளர்ந்து அரசு வேலைக்குப் போனால் ஒருவர் எழுதும் கடிதம் மற்றவருக்குப் புரியாது.

பிரிட்டிஷ்காரன் கட்சினாவின் அமீரை, அதாவது முஸ்லிம் அரசரை, அரண்மனையோடும் நீதிமன்றத்தோடும் வரி வசூலோடும் அப்படியே விட்டுவைத்தான். மரியாதையால் அல்ல, வடக்கை ஆண்ட பிரிட்டிஷ் அதிகாரி லுகார்டிடம் ஆளும் இல்லை, காசும் இல்லை. 1914இல் வடக்கையும் தெற்கையும் ஒன்றாக்கி நைஜீரியா என்று ஆக்கியதற்கும் முக்கியக் காரணம் கணக்குதான். வடக்கில் பற்றாக்குறை, தெற்கில் சுங்க வருமானம். பிரெஞ்சுப் பக்கம் தலைவர்கள் இருந்தார்கள், ஆனால் மாவட்டக் கமாண்டரின் ஏவலாள் மாதிரி. கட்டாய உழைப்பு அங்கே 1946 வரை சட்டப்படியே நடந்தது.

பிரிட்டிஷ் முறைதான் மென்மையானது என்று பலர் எழுதுகிறார்கள். எனக்கு அதில் சம்மதமில்லை. மதத்தில் தலையிட மாட்டோம் என்று அமீர்களுக்குக் கொடுத்த வாக்குக்காக வடக்கில் மிஷன் பள்ளிகளை ஏறக்குறைய விடவே இல்லை. பதிலுக்கு அரசும் போதிய பள்ளிகளைத் திறக்கவில்லை. தெற்கே எங்கு பார்த்தாலும் பள்ளி. 1960இல் சுதந்திரம் வந்தபோது ஆபீஸ், ரயில்வே, தபால் எல்லாவற்றிலும் தெற்கத்தியர். அந்தப் பொருமல் 1966 கலவரங்களில் வெடித்தது, அப்புறம் பியாஃப்ரா என்று தனிநாடாகப் பிரிந்த இக்போ மக்களின் தென்கிழக்கோடு உள்நாட்டுப் போர். என்னைப் போன்றவர்களைக் கடல் தாண்டிக் கூப்பிட வேண்டி வந்ததும் அதே பாக்கியைத் தீர்க்கத்தான்.

சுதந்திரம் கிடைத்ததும் இந்தக் கோடுகளை அழித்திருக்கலாமே?
- வாசகர், ஈரோடு

கானாவின் அதிபர் என்க்ருமா அதைத்தான் சொன்னார், ஒரே ஆப்பிரிக்க அரசு வேண்டும் என்று. மற்ற தலைவர்கள் கேட்கவில்லை. 1964இல் கெய்ரோவில் கூடி, சுதந்திரத்தன்று இருந்த எல்லையை மதிப்போம் என்று முடிவெடுத்தார்கள். சோமாலியாவும் மொராக்கோவும்தான் ஒப்பவில்லை. புதிதாகக் கிடைத்த நாற்காலியை யார் விடுவார்? ஆனாலும் எனக்கு அந்த முடிவு சரியென்றே படுகிறது. ஒரு கோட்டைத் தொட்டால் எல்லாக் கோட்டையும் தொட வேண்டும்.

கோடு எவ்வளவு அற்பமாகப் போடப்பட்டது என்பதற்கு அப்பர் வோல்டாவைப் பாருங்கள். 1932இல் பிரான்ஸ் அந்தக் காலனியையே கலைத்து மூன்று பக்கத்துக் காலனிகளுக்குப் பிரித்துக் கொடுத்தது. செலவு மிச்சம், ஐவரி கோஸ்ட் தோட்டங்களுக்குக் கூலியாளும் கிடைப்பார்கள். 1947இல் மறுபடி ஒட்டவைத்தது. 1960இல் அது சுதந்திர நாடு, 1984இல் பெயர் புர்கினா பாசோ. கணக்குப் புத்தகத்தில் அழித்து எழுதிய ஒரு வரிக்கு இன்று தேசிய கீதம், ராணுவம், கால்பந்து அணி எல்லாம் உண்டு.

கோட்டுக்குள் நாட்டைக் கட்ட நைஜீரியா செய்ததில் எனக்குப் பிடித்தது இளைஞர் சேவைத் திட்டம். பியாஃப்ரா போர் முடிந்த மூன்றாவது வருடம், 1973இல் தொடங்கினார்கள். பட்டம் வாங்கியவர் சொந்த மாநிலத்தை விட்டு வேறெங்காவது ஒரு வருடம் வேலை பார்க்க வேண்டும். எங்கள் பள்ளிக்கு ஓர் இக்போ பையன் வந்தான். சிறுவனாக பியாஃப்ராவில் பட்டினி பார்த்தவன். முதல் மாதம் யாரோடும் பேசவில்லை. வருடம் முடிவதற்குள் சந்தையில் ஹவுசாவில் பேரம் பேசினான். எல்லோருக்கும் இப்படி அமைந்தது என்று சொல்ல மாட்டேன்.

நமக்கும் அந்தப் பக்கத்துக்கும் பழைய தொடர்பு ஏதாவது?
- வாசகர், புதுச்சேரி

உங்கள் ஊர்தான்! அவுரிச் சாயம் தோய்த்த நீலத்துணி புதுச்சேரியிலிருந்து கப்பலேறி பிரான்ஸ் வழியாக செனகல் ஆற்றுக்குப் போனது. 'கினே' என்று பெயர். அங்கே கருவேல் இனப் பிசினுக்கு மாற்றாக இதைக் கொடுப்பார்கள்; ஐரோப்பியத் துணி அச்சுக்கு அந்தப் பிசின் வேண்டும். 19ஆம் நூற்றாண்டில் செனகல் ஆற்றோரம் விலை சொல்வதே இத்தனை துணி என்றுதான், கிட்டத்தட்ட நாணயம். காலனி ஆட்சி நாட்டின் உள்ளே நுழையும் முன்பே இந்த வியாபாரம் நுழைந்துவிட்டது.

காம்பியா ஏன் செனகலுக்குள் விரலை விட்ட மாதிரி இருக்கிறது?
- பள்ளி மாணவி, நாகர்கோவில்

ஆறு பிரிட்டனுக்கு, சுற்றியுள்ள நிலம் பிரான்சுக்கு. 1889 ஒப்பந்தப்படி இரு கரையிலும் சுமார் 10 கிலோமீட்டர் மட்டும் பிரிட்டிஷ். பீரங்கிக் குண்டு போய் விழுந்த தூரம் என்று கதை சொல்வார்கள், நம்ப வேண்டாம். 1982இல் இரு நாடுகளும் கூட்டாட்சி அமைத்து 1989இல் பிரிந்தன. செனகலின் வடக்கிலிருந்து தெற்கே காசமான்ஸ் போகும் லாரிகள் படகுக்காகக் காத்துக் கிடந்தன. பாலம் வந்தது 2019இல்.