‘ஆண்ட்ரியா’ பெண் பெயர்தானே? இத்தாலியில் ஏன் அதை ஆண்களுக்கு வைக்கிறார்கள்?

இதே சந்தேகம் எனக்கும் வந்தது. ஆனால் வந்த இடம் சென்னை விமான நிலைய வாசல். ராணிப்பேட்டையில் ஒரு தோல் தொழிற்சாலையின் கொள்முதல் பிரிவில் வேலை பார்க்கிறேன். இத்தாலியிலிருந்து வாங்கிய இயந்திரத்தைப் பொருத்திக் கொடுக்க ‘ஆண்ட்ரியா’ வருகிறார் என்றார்கள். ‘மேடம்’ போட்டு மூன்று மின்னஞ்சல் அனுப்பினேன். மறுப்பு எதுவும் வரவில்லை. வரவேற்கப் பெண் ஊழியர் ஒருவரையும் இரண்டு முழம் மல்லிகையையும் கூட்டிக்கொண்டு போனேன். ‘மிஸ் ஆண்ட்ரியா’ என்ற அட்டைக்கு முன்னால் வந்து நின்றவருக்கு நெஞ்சு வரை தாடி. அட்டையைப் படித்தார், மல்லிகையைப் பார்த்தார், “அந்த்ரேஆ” என்று நடு எழுத்தை அழுத்திச் சொல்லிக் கையை நீட்டினார்.

வேடிக்கை என்னவென்றால், அந்தப் பெயரின் பொருளே ‘ஆண்’தான். கிரேக்கத்தில் ‘அனேர்’ என்றால் ஆண்மகன். அது வேற்றுமை ஏற்கும்போது ‘அந்த்ரோஸ்’ ஆகும். ‘அந்த்ரேயா’ என்ற சொல்லுக்கு வீரம், ஆண்மை என்று பொருள். இதிலிருந்து வந்ததுதான் ‘அந்த்ரேயாஸ்’ என்ற பெயர். உடனே ‘ஆண்’ என்ற தமிழ்ச் சொல்லோடு முடிச்சுப் போட்டுவிடாதீர்கள். ஒலி ஒற்றுமை தற்செயல். உண்மையான உறவு வடமொழி ‘நர’ என்ற சொல்லோடு. நரசிம்மனில் இருக்கும் அதே ‘நர’.

பிறகு ஏன் பெண் பெயர் போல ஒலிக்கிறது? லத்தீன் வழியாக இத்தாலிக்குப் போனபோது கடைசி ‘ஸ்’ உதிர்ந்துவிட்டது, அவ்வளவுதான். ஜெர்மானியர் ‘அந்திரேயாஸ்’ என்று அதைக் காப்பாற்றிக்கொண்டார்கள். ஸ்பெயினில் ‘அந்த்ரேஸ்’, ஆங்கிலத்தில் ‘ஆண்ட்ரூ’. அங்கெல்லாம் ஆண் பெயர் தனி வடிவத்தில் இருந்ததால், ‘ஆ’ என்று முடியும் வடிவம் பெண்களுக்குப் போய்விட்டது. இத்தாலியில் அந்த இடம் காலியாக இல்லை. லூக்கா, நிக்கோலா, மத்தியா, எலியா எல்லாரும் அங்கே ஆண்கள்தான்.

கட்டடக் கலைஞர் பல்லாதியோ, ஜெனோவாவின் கடற்படைத் தலைவர் தோரியா, பாடகர் போச்செல்லி, 2006இல் கால்பந்து உலகக் கோப்பை வென்ற அணியின் பிர்லோ ஆகிய அனைவரும் அந்த்ரேஆக்களே. தோரியாவின் பெயர் தாங்கிய பயணிகள் கப்பல் 1956இல் அட்லாண்டிக்கில் இன்னொரு கப்பலோடு மோதி மூழ்கியது. பழைய ஆட்களுக்கு ‘ஆண்ட்ரியா டோரியா’ என்றால் அந்தக் கப்பல்தான்.

பெண்ணுக்கு வைக்கவே கூடாதா என்றால், அது நீதிமன்றம் வரை போன விஷயம். பெயர் குழந்தையின் பாலினத்தோடு பொருந்த வேண்டும் என்பது இத்தாலியச் சட்டம். பெண் குழந்தைக்கு அந்த்ரேஆ என்று வைத்த பெற்றோர் வழக்காடி, 2012இல் நாட்டின் உச்ச நீதிமன்றத்தில் வென்றார்கள். இருந்தும் அந்தப் பெயரைக் கேட்டால் இத்தாலியர் மனத்தில் இன்றும் ஓர் ஆண் முகம்தான் வரும் என்று நம் தாடிக்காரர் அடித்துச் சொன்னார்.

பெயர் பரவியதற்குக் காரணம் இயேசுவின் சீடர் அந்திரேயா. கலிலேய மீனவர், பேதுருவின் உடன்பிறப்பு. யூதராகப் பிறந்தும் கிரேக்கப் பெயர். அவருடைய திருப்பண்டங்கள், அதாவது உடலின் எச்சங்கள், கான்ஸ்டான்டிநோபிளிலிருந்து 1208இல் இத்தாலியின் அமால்ஃபிக்கு வந்து சேர்ந்தன. இன்றும் அவ்வூர்ப் பேராலயத்தில் இருக்கின்றன. திருநாள் நவம்பர் 30. இத்தாலியில் பிறந்தநாளைப் போலவே பெயர்நாளுக்கும், அதாவது தன் பெயர் கொண்ட புனிதரின் திருநாளுக்கும், வாழ்த்துச் சொல்வார்கள். அன்று காலை இயந்திரத்தடியில் படுத்திருந்தவரின் தொலைபேசி ஓயாமல் அடித்தது. எண்ணெய்க் கையோடு எடுத்து எடுத்து நன்றி சொல்லிக்கொண்டிருந்தார்.

அதே நாளில்தான் எங்கள் ஃபோர்மன் பெலவேந்திரன், ஊர்த் திருவிழா என்று அரைநாள் விடுப்புக் கேட்டு வந்தார். பழைய தமிழ்க் கத்தோலிக்கர் புனிதர்களின் பெயர்களைப் பொருள் பார்த்துத் தமிழாக்கினார்கள்: பவுல் சின்னப்பர், பேதுரு இராயப்பர், அந்திரேயா பெலவேந்திரர். இருவரும் ஒரே பெயர்க்காரர்கள் என்று நான் விளக்கியபோது இத்தாலியர் எழுந்து உட்கார்ந்தார். “பெ-ல-வேந்-தி-ரன்” என்று நான்கு முறை சொல்லிப் பார்த்தார். ஐந்தாவது முறை ஃபோர்மனே, “விடுங்கள் சார், ஆண்ட்ரியா என்றே கூப்பிடுங்கள்” என்றார்.