2390 இலிருந்து 105.5க்கு: மெக்சிகோ வானொலிகள் பற்றிய கேள்வி–பதில்

சென்ற இதழில் மெக்சிகோவின் சமூக வானொலிகளைப் பற்றி ஒரு சிறு குறிப்பு வெளியிட்டிருந்தோம். அதையொட்டி வாசகர்கள் கேட்டவற்றுள் அலைவரிசை மாற்றம் தொடர்பானவை மட்டும் இங்கே.

கே: பழைய சிற்றலைப் பட்டியல்களில் 2390 கிலோஹெர்ட்ஸ் எதிரே ‘ரேடியோ வயாகொகோத்லா’ என்று இருக்கிறது. இப்போது அதே பெயரில் 105.5 பண்பலை என்கிறார்கள். இரண்டும் ஒரே நிலையமா? சிற்றலையிலிருந்து பண்பலைக்கு ஏன் போனார்கள்? (மதுரை வாசகர்)

ப: ஒரே நிலையம்தான். வெராக்ரூஸ் மாநிலத்தின் வடக்கு மலைத்தொடரில், கடல்மட்டத்திலிருந்து 2,000 மீட்டருக்கும் மேலே உள்ள ஊர் வயாகொகோத்லா. அங்கே 1965இல் எழுத்தறிவுப் பாடம் நடத்தும் வானொலிப் பள்ளியாக இது தொடங்கியது. அழைப்புக்குறி (நிலையத்தின் அடையாள எழுத்துகள்) எக்ஸ்.இ.ஜே.என்., திறன் 500 வாட். 1970களில் இயேசு சபையினர் சார்ந்த ‘ஃபொமெந்தோ குல்துரால் இ எதுகதிவோ’ என்ற அமைப்பு பொறுப்பேற்றது. பள்ளிக்கூட வானொலி மெல்ல மெல்ல நாவா, ஒத்தோமி, தெபேவா பழங்குடி மக்களின் சொந்த மொழி வானொலியாக மாறியது அதன் பிறகுதான். 2005இல் 105.5 மெகாஹெர்ட்ஸ், 10 கிலோவாட், எக்ஸ்.எச்.எஃப்.சி.இ. என்ற புதிய அழைப்புக்குறி. கடைசி மூன்று எழுத்தும் அந்த அமைப்பின் பெயரின் முதலெழுத்துகள்.

2390 என்பது 120 மீட்டர் பட்டை. இந்த அலைக்கான அரையலைக் கம்பி, அதாவது அலைநீளத்தில் பாதி நீளமுள்ள ஆன்டெனா, சுமார் 60 மீட்டர் நீளம். அதைத் தரையிலிருந்து 10, 15 மீட்டர் உயரத்தில் கட்டினால் அலை பக்கவாட்டில் ஓடாமல் நேராக மேலே போய், வளிமண்டலத்தின் உச்சியில் உள்ள அயனி அடுக்கில் பட்டு, சுற்றியுள்ள இருநூறு முந்நூறு கிலோமீட்டர் பரப்பில் மழைபோல் இறங்கும். மலைக்குப் பின்னால் உள்ள பள்ளத்தாக்கும் தப்பாது. மலைநாட்டுக்கு இதைவிடப் பொருத்தமான வழி கிடையாது என்றே சொல்லலாம்.

ஆனால் தொல்லைகள் மூன்று. உச்சிப் பகலில் அயனி மண்டலத்தின் கீழ்ப்பகுதியான டி அடுக்கு இந்த அலையை விழுங்கிவிடும். ஆகவே காலையும் மாலையும் இரவும்தான் நல்ல நேரம். மழைக்காலத்தில் எங்கோ இடிக்கும் இடியெல்லாம் இரவில் இந்தப் பட்டையில் வந்து கரகரக்கும். மூன்றாவதுதான் எல்லாவற்றிலும் பெரியது: கடையில் விற்கும் சாதாரண வானொலிப் பெட்டியில் 120 மீட்டர் பட்டையே கிடையாது. மத்திய அலை 1600க்குச் சற்று மேலே முடியும். சிற்றலை 3 அல்லது 6 மெகாஹெர்ட்ஸில்தான் தொடங்கும். நிலையம் தங்கள் மொழியில் பேசினாலும் பெட்டி அதைப் பிடிக்காவிட்டால் என்ன பயன்?

பண்பலைக்குப் போனதும் இந்த மூன்றும் தீர்ந்து, வேறொன்று வந்து சேர்கிறது. பண்பலை கிட்டத்தட்ட பார்வைக்கோட்டில் மட்டுமே செல்லும். கணக்கு எளிது: ஆன்டெனா உயரம், பெட்டியின் உயரம் இரண்டையும் மீட்டரில் எடுத்து, ஒவ்வொன்றின் வர்க்கமூலத்தையும் கூட்டி 4.12ஆல் பெருக்கினால் தூரம் கிலோமீட்டரில் கிடைக்கும். சுற்றுநிலத்தைவிட 400 மீட்டர் உயரத்தில் ஆன்டெனாவும் 4 மீட்டர் உயரத்தில் பெட்டியும் இருந்தால் சுமார் 90 கிலோமீட்டர். நடுவே ஒரு மலைமுகடு குறுக்கிட்டால் இந்தக் கணக்கு செல்லாது. முகட்டின் மறுபுறம் நிழல்தான், 10 கிலோவாட் இருந்தாலும்.

கே: 2008இல் மெக்சிகோவில் மத்திய அலை நிலையங்கள் கூட்டம் கூட்டமாகப் பண்பலைக்குப் போனதாகப் படித்தேன். அரசு கட்டாயப்படுத்தியதா? (கோயம்புத்தூர்)

ப: கட்டாயம் இல்லை, வாய்ப்பு. 2008 செப்டம்பர் 15 அன்று அரசிதழில் ஓர் உத்தரவு வெளியானது. ஃபெலிபே கால்தெரோன் அதிபராக இருந்த காலம். ஊரில் பண்பலை இடம் காலியாக இருந்தால் மத்திய அலை உரிமதாரர் அதைக் கேட்டு வாங்கலாம்; அதற்குக் கட்டணம் உண்டு. பண்பலை தொடங்கிய பிறகு ஓராண்டு இரண்டிலும் ஒரே நிகழ்ச்சியை ஒலிபரப்ப வேண்டும். அந்த ஆண்டு முழுவதும் ‘நாங்கள் இன்ன எண்ணுக்குப் போகிறோம்’ என்று நேயர்களிடம் சொல்லிக்கொண்டே இருப்பார்கள். பிறகு மத்திய அலையை அணைக்க வேண்டும்.

இதில் ஒரு நல்ல விதிவிலக்கு உண்டு. வேறு எந்த வானொலியும் எட்டாத கிராமங்கள் அந்த மத்திய அலையை நம்பி இருந்தால் அதை அணைக்கக் கூடாது. ஆகவே சில நிலையங்கள் விருப்பம் இல்லாவிட்டாலும் இரண்டையும் நடத்திக்கொண்டிருக்கின்றன. மின்கட்டணம் கட்டும் உரிமையாளருக்கு இது சுமைதான். ஆனால் மலையடிவாரத்தில் இருப்பவர் பக்கம் நின்று பார்த்தால் அந்த உத்தரவிலேயே உருப்படியான பகுதி இதுதான்.

கே: அப்படியானால் மெக்சிகோ நகரத்தில் மட்டும் ஏன் இன்னும் இத்தனை மத்திய அலை நிலையங்கள்? (சென்னை)

ப: இடம் இல்லை. அந்த நகரத்தின் பண்பலை எண்களை எழுதிப் பாருங்கள்: 88.1, 88.9, 89.7, 90.5, 91.3, 92.1 என்று 0.8 கூட்டிக்கொண்டே போனால் 107.3இல் முடியும். மொத்தம் 25 படிகள். ஒரே ஊரில் இரண்டு நிலையங்களுக்கு நடுவே 800 கிலோஹெர்ட்ஸ் இடைவெளி என்ற பழைய விதியின் தழும்பு அது. படிகள் நிரம்பியதும் கதவு மூடிக்கொண்டது. இடையில் செருகப்பட்டவை மிகச் சில: இபெரோ பல்கலைக்கழகத்தின் 90.9, தேசியப் பல்தொழில்நுட்ப நிறுவனத்தின் 95.7 போன்றவை.

2016இல் இடைவெளியை 400 கிலோஹெர்ட்ஸாகக் குறைத்தார்கள். டிஜிட்டல் சேர்த்த பண்பலைச் சமிக்ஞை மையத்திலிருந்து இருபுறமும் சுமார் 200 கிலோஹெர்ட்ஸ் பரவும். ஆகவே 400 என்றால் இரு நிலையங்களும் தோளோடு தோள் உரசி நிற்கும், மேலே ஏறாது. அடுத்த ஆண்டு நடந்த ஏலத்துக்கு 191 பண்பலை, 66 மத்திய அலை இடங்கள் வந்ததற்கு இந்த மாற்றம் பெரிதும் உதவியது.

இந்த இடத்தில் யாரும் அதிகம் பேசாத ஒரு சிக்கல். பண்பலைப் பெட்டி எந்த நிலையத்தைப் பிடித்தாலும் அதை உள்ளே 10.7 மெகாஹெர்ட்ஸ் என்ற இடைநிலை அலைவரிசைக்கு மாற்றித்தான் கையாளும். ஒரே ஊரில் இரண்டு வலுவான நிலையங்கள் 10.6 அல்லது 10.8 மெகாஹெர்ட்ஸ் தள்ளி இருந்தால் அவற்றின் வித்தியாசமே பெட்டிக்குள் நுழைந்து குழப்பும். 0.8 படியில் 10.4க்கு அடுத்து 11.2 வந்துவிடும். இரண்டு ஆபத்தான எண்களையும் தாண்டிவிடுகிறது. 0.4 படியிலோ 27ஆவது படி சரியாக 10.8! 90.9, 101.7 இரண்டையும் கழித்துப் பாருங்கள். மலிவான பெட்டியை வைத்துக்கொண்டு கோபுரத்தின் அருகே கேட்பவருக்குத்தான் இது தொல்லை தரும்.

அமெரிக்க எல்லையோரத்துக் கதை வேறு. எல்லையிலிருந்து 320 கிலோமீட்டருக்குள் எந்தப் பண்பலை எண்ணைத் தருவதானாலும் 1992ஆம் ஆண்டு ஒப்பந்தப்படி இரு நாடுகளும் ஒத்துக்கொள்ள வேண்டும். எல்லையோர மெக்சிகோ நகரான தியுவானாவில் கேட்கும் எண்களில் பல, எல்லைக்கு அப்பால் அமெரிக்காவில் உள்ள சான் டியேகோவுக்குச் சொந்தம்.

கே: மத்திய அலைக் கோபுரத்திலேயே பண்பலை ஆன்டெனாவை மாட்டிவிட்டால் செலவு மிச்சம்தானே? பொறியியல் மாணவன் கேட்கிறேன். (திருச்சி)

ப: மிச்சம்தான், அவசரப்படாமல் செய்தால். மத்திய அலையில் கோபுரமே ஆன்டெனா. பீங்கான் இன்சுலேட்டர் மேல் நிற்கும். உச்சியிலிருந்து அடிவரை மின்னழுத்தம். பண்பலையில் கோபுரம் வெறும் கம்பம். பண்பலைக் கேபிளைத் தரையிலிருந்து நேராக ஏற்றினால் அதன் வெளியுறை இன்சுலேட்டரைக் குறுக்கே கடந்து கோபுரத்தைத் தரையோடு இணைத்துவிடும். மத்திய அலை அந்த நொடியே படுத்துவிடும்.

முதலில் கோபுரம் கூடுதல் எடையையும் காற்றையும் தாங்குமா என்று கட்டமைப்புக் கணக்கு. பிறகு, எதையும் மாட்டுவதற்கு முன், கோபுர அடியின் மின்மறுப்பை (மாறுமின்னோட்டத்துக்கு அது காட்டும் எதிர்ப்பை) அளந்து எழுதி வைத்துக்கொள்ளுங்கள். பலர் விடும் படி இதுதான். பின்னால் ஏதாவது கோளாறு வந்தால் ஒப்பிட எண் இருக்காது. அடியில் கேபிள் நடுவே ஐசோ–கப்ளர் வைக்க வேண்டும். பண்பலையை அது கடத்தும், மத்திய அலையைத் தடுக்கும். கேபிளின் வெளியுறையைக் கோபுரத்தோடு பல இடங்களில் பிணைக்க வேண்டும். எல்லாம் முடிந்ததும் மின்மறுப்பை மறுபடி அளந்தால் கட்டாயம் மாறியிருக்கும். கோபுரத்தை டிரான்ஸ்மிட்டரோடு பொருத்தும் ஆன்டெனா டியூனிங் பெட்டியின் சுருள்களைத் திரும்பச் சரிசெய்ய வேண்டும்.

திறன் கணக்கில் ஓர் உதாரணம். மெக்சிகோவின் ‘ஏ’ வகைப் பண்பலைக்கு உச்சவரம்பு 3 கிலோவாட். இது டிரான்ஸ்மிட்டரின் திறன் அல்ல, ஆன்டெனாவிலிருந்து வெளிப்படும் பயன்திறன். கேபிள் இழப்பு 1 டெசிபெல் என்றால் 79 சதவீதம்தான் மேலே போய்ச் சேரும். நான்கு அடுக்கு வட்டமுனைவு ஆன்டெனா ஏறத்தாழ 2.1 மடங்கு பெருக்கும். 3ஐ 0.79ஆலும் 2.1ஆலும் வகுத்தால் 1.8, ஆக 2 கிலோவாட் டிரான்ஸ்மிட்டர் போதும். 105.5இல் அலைநீளம் 2.84 மீட்டர். அடுக்குகளை ஓர் அலைநீளம் விட்டு மாட்டினால் கோபுரத்தில் எட்டரை மீட்டர் இடம் வேண்டும்.

பெரிய தவறு இதற்கெல்லாம் முன்பே நடந்துவிடுகிறது. மத்திய அலைக்காரர்கள் ஈரமான தாழ்நிலத்தைத் தேடிக் கோபுரம் நட்டிருப்பார்கள். மண்ணில் புதைத்த செம்புக் கம்பிகளுக்கு அதுதான் நல்லது. பண்பலைக்கோ ஊரிலேயே மோசமான இடம் அது. பணம் இருந்தால் பண்பலையை மட்டும் குன்றின் மேல் ஏற்றுங்கள். ஓராண்டுக்குப் பிறகு மத்திய அலை நின்றதும் ஐசோ–கப்ளரைக் கழற்றிவிட்டுக் கோபுர அடியைப் பட்டையான செம்பால் தரையோடு இணைக்க மறக்காதீர்கள். இல்லையென்றால் முதல் இடிமழையே பாடம் நடத்தும்.

கே: எக்ஸ்.இ., எக்ஸ்.எச். என்று இரண்டு விதமாக அழைப்புக்குறி வருவது ஏன்? (ஈரோடு)

ப: பொதுவாக மத்திய அலையும் சிற்றலையும் எக்ஸ்.இ.; பண்பலையும் தொலைக்காட்சியும் எக்ஸ்.எச். இடம் மாறியவர்கள் பெரும்பாலும் பின்னெழுத்துகளை அப்படியே வைத்துக்கொண்டு ‘இ’யை ‘எச்’ ஆக்கினார்கள். அந்தப் பெயரை வேறொருவர் வைத்திருந்தால் நடுவில் ஓர் எழுத்துக் கூடும்.

கே: 106க்கு மேலே இருந்த சில வணிக நிலையங்கள் கீழே இறங்கியது ஏன்? (புதுச்சேரி)

ப: 2014 சட்டம் பண்பலைப் பட்டையில் பத்தில் ஒரு பங்கைச் சமூக, பழங்குடி வானொலிகளுக்கு ஒதுக்கச் சொன்னது. 20 மெகாஹெர்ட்ஸில் பத்தில் ஒன்று 2, அதாவது 106 முதல் 108 வரை. மத்திய அலையில் 1605 முதல் 1705 வரை. உரிமம் புதுப்பிக்கும் வேளையில் அங்கே இருந்த மற்றவர்களை, வேறு இடம் இருந்தால், கீழே நகரச் சொன்னார்கள். வயாகொகோத்லாவின் 105.5 இந்த வேலிக்குச் சற்று வெளியே நிற்பது ஒரு வேடிக்கை. அது வேலிக்கு முன்பே வந்துவிட்டது.

கே: 1941இல் எல்லா மத்திய அலை நிலையங்களும் ஒரே நாளில் எண் மாறினவாமே? (யாழ்ப்பாணம்)

ப: எல்லாம் அல்ல, பெரும்பாலானவை. 1937இல் ஹவானாவில் கையெழுத்தான வட அமெரிக்க வானொலி அலைவரிசை ஒப்பந்தம் 1941 மார்ச் 29 அன்று நடைமுறைக்கு வந்தது. 720 கிலோஹெர்ட்ஸ் வரை இருந்தவர்களுக்குப் பொதுவாக மாற்றம் இல்லை. 880 முதல் 1450 வரை இருந்தவர்களில் பெரும்பாலோர் 30 கிலோஹெர்ட்ஸ் மேலே போனார்கள். 1420 என்பது 1450 ஆனால் கால் அலைக் கோபுரத்தின் நீளம் 52.8 மீட்டரிலிருந்து 51.7 ஆகிறது, இரண்டே சதவீதம். கோபுரத்தை வெட்ட வேண்டியதில்லை; அலைவரிசையை நிர்ணயிக்கும் படிகத்தை மாற்றி, சுருளைத் திருகினால் போதும். பல கோபுரங்களை வைத்துத் திசைப்படுத்தி ஒலிபரப்பியவர்களுக்குத்தான் உண்மையான வேலை.

மெக்சிகோவுக்குத் தனிச் சிறப்புரிமையுடன் கிடைத்தவை 730, 800, 900, 1050, 1220, 1570. புகழ்பெற்ற எக்ஸ்.இ.டபிள்யூ. இன்றும் 900இல்தான். எல்லையோர ஊரான வில்யா அகூன்யாவில் பிரிங்க்லி என்ற அமெரிக்கப் போலி மருத்துவர் நடத்திய எக்ஸ்.இ.ஆர்.ஏ.க்கு அந்த ஆண்டு முடிவு வந்தது. அதன் 840 அமெரிக்காவின் லூயிவில் நிலையத்துக்குப் போனது. பிறகு அதே ஊரில் 1570இல் எக்ஸ்.இ.ஆர்.எஃப். எழுந்தது.

கே: இங்கிருந்து மெக்சிகோ நிலையங்களைக் கேட்க வழி உண்டா? (நாகர்கோவில்)

ப: நேரடியாகப் பண்பலை முடியவே முடியாது. மத்திய அலையும் இங்கே நடைமுறையில் கிடைக்காது. இணையம் வழியே மெக்சிகோவிலோ அமெரிக்காவின் தென்பகுதியிலோ உள்ள கிவி எஸ்.டி.ஆர். ரிசீவரை (இணையத்தில் இருந்தபடியே யாரும் இயக்கக்கூடிய வானொலிப் பெட்டி) திருப்பிக் கேளுங்கள். மெக்சிகோவின் மத்திய நேரம் நம்மைவிட 11 மணி 30 நிமிடம் பின்னால். 2022 முதல் அங்கே பெரும்பாலான பகுதிகளில் கோடை நேர மாற்றம் இல்லை. நமக்குக் காலை 8 முதல் மாலை 5 வரை அவர்களுக்கு இரவு. மத்திய அலை தூரம் போகும் நேரம் அதுவே.

எந்த நிலையம் என்று அடையாளம் காண நம் கணக்கில் பகல் 11.30க்கும் மாலை 5.30க்கும் காத்திருங்கள். அங்கே நள்ளிரவும் காலை 6 மணியும். தேசிய கீதம் ஒலிபரப்ப வேண்டும் என்பது சட்டம். அதையொட்டி அழைப்புக்குறியும் ஊரும் திறனும் சொல்வது வழக்கம். திங்கட்கிழமை காலை 9.30 முதல் 10.30 வரை மட்டும் தவிர்த்துவிடுங்கள். அங்கே ஞாயிறு இரவு 10 மணி. 1937 முதல் வரும் ‘லா ஓரா நசியோனால்’ நிகழ்ச்சி எல்லா நிலையங்களிலும் ஒரே நேரத்தில் ஓடுவதால் எதை எடுத்தாலும் பெரும்பாலும் ஒன்றுபோலவே கேட்கும்.